ஸ்டூடியோக்கள் தடுமாறிய காலம்: ஒரு கலிஃபோர்னியா நாட்குறிப்பு

திங்கள், சான் பிரான்சிஸ்கோ

கியர்னி தெருவும் கொலம்பஸ் அவென்யூவும் சந்திக்கும் கூர்முனையில், தாமிரத் தகடுகள் பச்சை பூத்த முகப்போடு சென்டினல் கட்டடம் நிற்கிறது. 1907இல் கட்டி முடித்தார்கள். 1970களின் தொடக்கத்தில் 'தி காட்ஃபாதர்' இயக்குநர் ஃபிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலா இதை வாங்கித் தன் ஜோயிட்ரோப் திரைப்பட நிறுவனத்தைக் குடிவைத்தார். எதிர் நடைபாதையிலிருந்து படமெடுப்பவர்களின் கைப்பேசியில் இன்னொரு கட்டடமும் சேர்ந்தே விழுகிறது. பின்னால் 260 மீட்டர் உயரத்துக்கு எழும் டிரான்ஸ்அமெரிக்கா பிரமிடு.

1960களின் இறுதியில் தொடங்கிய அமெரிக்க சினிமாவின் கலகக் காலத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பச்சைக் கட்டடத்தோடு நிறுத்திக்கொள்கிறார்கள். எனக்குப் பின்னால் நிற்பதும் வேண்டும். டிரான்ஸ்அமெரிக்கா ஒரு காப்பீட்டு நிறுவனம். 1967இல் அது யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் என்ற திரைப்பட நிறுவனத்தை வாங்கியது. அதற்கு முந்தைய ஆண்டே, மோட்டார் உதிரிபாகம் விற்று வளர்ந்த கல்ஃப் அண்ட் வெஸ்டர்ன் கையில் பாரமவுண்ட் போய்ச் சேர்ந்திருந்தது. 1969இல் வார்னரை வாங்கிய கின்னி நிறுவனத்தின் தொழில்களில் கார் நிறுத்துமிடங்களும் ஈமச்சடங்கு நிலையங்களும் உண்டு.

ஸ்டூடியோக்கள் இப்படி மலிவாகிப் போனதற்குக் காரணங்கள் தெளிவானவை. 1948இல் உச்ச நீதிமன்றம் ஸ்டூடியோக்களையும் அவற்றின் திரையரங்குகளையும் பிரித்துவிட்டது. பிறகு தொலைக்காட்சி வந்தது. 1946இல் வாரத்துக்கு எட்டுக் கோடிக்கு மேல் டிக்கெட் விற்ற நாட்டில், 1960களின் இறுதியில் அது இரண்டு கோடிக்கும் கீழே இறங்கியது. 1965இல் 'தி சவுண்ட் ஆஃப் மியூசிக்' கொட்டிய பணத்தைப் பார்த்து, அதே பாணியில் பெரிய பெரிய இசைப்படங்களை எடுத்துக் கையைச் சுட்டுக்கொண்டார்கள். 'டாக்டர் டூலிட்டில்', 'ஸ்டார்!', 'ஹலோ, டாலி!' என்று வரிசையாக நஷ்டம். அந்த நேரத்தில்தான் ஐந்து லட்சம் டாலருக்கும் குறைவான செலவில் இரண்டு மோட்டார் சைக்கிள்களை வைத்து எடுத்த 'ஈஸி ரைடர்' பல கோடி டாலர் சம்பாதித்தது. வியட்நாம் போரை எதிர்த்துத் தெருவில் நின்ற இளைஞர்கள்தான் மிச்சமிருந்த பார்வையாளர்கள் என்பது அப்போதுதான் முதலாளிகளுக்கு உறைத்தது. கலகம் ஸ்டூடியோவுக்குள் நுழைந்தது கணக்குப்பிள்ளையின் வாசல் வழியாகத்தான்.

கொப்போலாவும் இளம் இயக்குநர் ஜார்ஜ் லூகாஸும் 1969இல் லாஸ் ஏஞ்சல்ஸை விட்டு இங்கே வந்தது ஸ்டூடியோக்களிடமிருந்து தப்பிக்க. ஆனால் வந்தது வார்னர் தந்த பணத்தோடு. அந்தப் பணத்தில் எடுத்த முதல் படம் லூகாஸின் 'டி.எச்.எக்ஸ். 1138'. எல்லாரும் மொட்டைத் தலையோடு பூமிக்கடியில் வாழும் ஒரு எதிர்கால உலகம். துணை நடிகர்களில் பலர் சினனான் என்ற போதை மறுவாழ்வு அமைப்பிலிருந்து வந்தவர்கள். அவர்கள் ஏற்கெனவே தலையை மழித்திருந்தார்கள். செட்டுக்குப் பணமில்லை என்பதால் அப்போது தோண்டி முடிக்காமல் கிடந்த பார்ட் என்ற நகர ரயிலின் சுரங்கங்களிலேயே படமெடுத்தார்கள். இன்று மாலை அந்த ரயிலில் வளைகுடாவுக்கு அடியில் போய் வந்தேன். காது அடைக்கிற கிரீச்சொலி. லூகாஸ் கற்பனை செய்த எதிர்காலத்தைவிட இது கொஞ்சம் சத்தம் அதிகம்.

படத்தைப் பார்த்த வார்னர் அதிகாரிகள் அதிர்ந்துபோய் உதவியை நிறுத்தினார்கள், கொடுத்ததைத் திருப்பிக் கேட்டார்கள். கடனில் சிக்கிய கொப்போலா, தயக்கத்தோடு ஒப்புக்கொண்ட வேலைதான் 'தி காட்ஃபாதர்'. அதன் திரைக்கதையில் பெரும்பகுதியை வல்லேஹோ தெருவில் இருக்கும் கஃபே டிரியெஸ்டேயில் உட்கார்ந்து எழுதினார் என்று ஊரே சொல்கிறது. காபி கசப்பு, சுவர் முழுக்கப் புகைப்படங்கள்.

பிரமிடுக்காரர்களின் கதையையும் முடித்துவிடுகிறேன். யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸை நடத்திவந்த அனுபவசாலிகள் காப்பீட்டு முதலாளிகளோடு மோதி 1978இல் கூட்டாக வெளியேறி ஓரியன் நிறுவனத்தைத் தொடங்கினார்கள். புதிதாக வந்தவர்கள் 'ஹெவன்ஸ் கேட்' படத்தில் நான்கு கோடி டாலருக்கு மேல் தொலைத்தார்கள். 1981இல் நிறுவனம் எம்.ஜி.எம்.முக்கு விற்கப்பட்டது.

செவ்வாய், பெர்க்லி

அண்ணன் மகள் சான் ஹோசேயில் வேலை பார்க்கிறாள். ஒரு வாரம் விடுப்பு எடுத்துக்கொண்டு எனக்குச் சாரதியாக வந்திருக்கிறாள். வளைகுடாப் பாலத்தில் ஏறும்போது அவளிடம் 'தி கிராஜுவேட்' படத்தில் கதாநாயகன் சிவப்புக் காரில் பெர்க்லிக்கு விரையும் காட்சியைச் சொன்னேன். அவள் சிரித்தாள்.

"சித்தப்பா, பெர்க்லிக்குப் போகிறவர்கள் கீழ்த்தளத்தில்தான் போக வேண்டும். மேல்தளம் சான் பிரான்சிஸ்கோ பக்கம் வருகிறவர்களுக்கு. அவன் எதிர்த்திசையில் போகிறான்."

உண்மைதான். வானமும் காரும் ஒரே சட்டகத்தில் தெரிய வேண்டுமே. எங்களுக்குக் கீழ்த்தளத்தில் இரும்புச் சட்டங்கள் மட்டும் தெரிந்தன.

ஸ்பிரௌல் மண்டபத்தின் படிகளுக்கு மாரியோ சாவியோவின் பெயர் வைத்திருக்கிறார்கள். 1964 டிசம்பரில் இங்கே பேச்சுரிமை கேட்டு உள்ளே புகுந்து உட்கார்ந்த மாணவர்களில் ஏறத்தாழ 800 பேரைப் போலீஸ் கைது செய்தது. மூன்று ஆண்டு கழித்து வந்த 'தி கிராஜுவேட்' படத்தின் பிற்பகுதி பெர்க்லியில் நடக்கிறது. ஆனால் அதில் போராட்டம் எங்கே? அறை வாடகைக்கு விடும் வீட்டுக்காரர் மட்டும், நீயும் அந்தக் கலகக்காரக் கூட்டமா என்று சந்தேகப்படுகிறார். அவ்வளவுதான். பெற்றோரின் வசதியான வாழ்க்கைமேல் அந்தப் பையனுக்கு வரும் குமட்டல் படம் முழுக்க இருக்கிறது. அதன் அரசியல் ஒரு வீட்டுக்காரரின் வாயோடு சரி. இளைஞர்கள் இதைத் தங்கள் படமாக எடுத்துக்கொண்டார்கள். கொஞ்சம் தாராள மனசு என்றுதான் எனக்குப் படுகிறது.

புதன், வழியில்

நாள் முழுக்க சாலை. பேக்கர்ஸ்ஃபீல்டு தாண்டி டெஹச்சாபி மலை ஏறி இறங்கி ரிட்ஜ்கிரெஸ்ட் வந்து சேர்ந்தபோது இருட்டிவிட்டது. விடுதியில் சூடு ஏற்றும் கருவி ராத்திரி முழுக்க முனகியது.

மதியம் மூன்று மணிக்கு மேல் வெயில் முன்கண்ணாடியில் நேராக அடித்து வட்ட வட்டமாகச் சிதறியது. லென்ஸுக்குள் வெளிச்சம் இப்படிப் புகுந்தால் பழைய ஸ்டூடியோ ஒளிப்பதிவாளர்கள் அந்த ஷாட்டைத் தூக்கிப் போடுவார்கள். 'ஈஸி ரைட'ரில் அது அப்படியே இருக்கிறது. ஒளிப்பதிவு செய்த லாஸ்லோ கோவாச் ஹங்கேரிக்காரர். 1956இல் புடாபெஸ்ட்டுக்குள் சோவியத் டாங்கிகள் நுழைந்தபோது அவரும் நண்பர் வில்மோஷ் ஜிக்மண்டும் திரைப்படக் கல்லூரிக் கேமராவோடு தெருவில் இறங்கிப் படமெடுத்தார்கள். பிறகு அந்தச் சுருள்களோடு எல்லை தாண்டி ஆஸ்திரியாவுக்குள் போனார்கள். அமெரிக்கா வந்து பல ஆண்டுகள் கிடைத்த வேலையெல்லாம் செய்தார்கள், மலிவுப் படங்களில் ஒளிப்பதிவு செய்தார்கள். ஸ்டூடியோக்கள் சாய்ந்து, கதவு திறந்தபோது கையில் எடுத்துச் செல்லும் கேமராவோடு தெருவில் வேலை செய்யத் தெரிந்தவர்கள் தேவைப்பட்டார்கள். இவர்களுக்கு அது ஏற்கெனவே தெரியும். கோவாச் 'ஃபைவ் ஈஸி பீசஸ்', 'பேப்பர் மூன்' எடுத்தார். ஜிக்மண்ட் 'மெக்கேப் அண்ட் மிஸஸ் மில்லர்' எடுத்தார். அமெரிக்காவின் கலகப் படங்களுக்கு வெளிச்சம் தந்தவர்கள் வேறொரு நாட்டின் கலகத்தில் தப்பியவர்கள் என்பது எனக்குப் பிடித்த செய்தி. சோவியத்தை எதிர்த்து ஓடிவந்தவர்கள் என்பதால், அமெரிக்க இளைஞர்களின் இடதுசாரி ஆவேசத்தை இவர்கள் எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று மலை இறங்கும்வரை நானும் அண்ணன் மகளும் பேசிக்கொண்டு வந்தோம்.

வியாழன், டெத் வேலி

சப்ரிஸ்கி பாயிண்ட். காலையில் போய்விட வேண்டும். மஞ்சளும் காப்பி நிறமுமாக அரித்துப்போன மண்மேடுகள் சாய்வு வெயிலில்தான் மடிப்பு மடிப்பாகத் தெரிகின்றன. இங்கே வெண்காரம் தோண்டிய கம்பெனியின் அதிகாரி ஒருவரின் பெயர்தான் இந்த இடத்துக்கு.

1970இல் வந்த அன்டோனியோனியின் படத்துக்கும் இதே பெயர். அவருடைய முந்தைய படம் 'ப்ளோ-அப்' தந்த லாபத்தைப் பார்த்து எம்.ஜி.எம். அந்த இத்தாலியக்காரரிடம் அமெரிக்க இளைஞர்களைப் பற்றிப் படம் எடுக்கச் சொன்னது. நிஜமான போராட்டக்காரர்களோடு ஒரு மாணவர் கூட்டம். கறுப்பினப் போராளிகளின் பிளாக் பேந்தர் கட்சியைச் சேர்ந்த கேத்லீன் கிளீவரும் அதில் இருக்கிறார். அப்புறம் இந்த மண்மேடுகளில் ஒரு காதல் காட்சி. அதைக் கேள்விப்பட்டு அரசு வழக்கறிஞர்கள் விசாரணையே நடத்தினார்கள். கடைசியில் ஒரு பணக்கார வீடு வெடித்துச் சிதறும். பதினேழு கேமராக்கள் வைத்து அதை எடுத்தார்கள். குளிர்பதனப் பெட்டி, தொலைக்காட்சி, துணிமணி, புத்தகங்கள் எல்லாம் மெதுவாக ஆகாயத்தில் மிதக்கும். 70 லட்சம் டாலர் செலவில் எடுத்த படம், பத்து லட்சம்கூடத் திரும்ப வரவில்லை.

படம் மோசம் என்பது பொது முடிவு. நான் பாதி ஒப்புக்கொள்வேன். வசனம் பேசும்போது அந்த இரண்டு நடிகர்களும் பாவம். ஆனால் ஒரு ஸ்டூடியோ, தன் வாடிக்கையாளரின் வரவேற்பறையைத் தானே காசு கொடுத்து வெடிவைத்துத் தகர்த்தது வேறெப்போது நடந்தது? கதாநாயகன் மார்க் ஃபிரெஷெட் நடிகரல்ல. 1973இல் பாஸ்டனில் ஒரு வங்கியைக் கொள்ளையடிக்கப் போய்ப் பிடிபட்டார். 1975இல் சிறையில் இறந்தார். வயது 27. கலகத்தை நடிக்க வைத்தவர்களுக்கு அவர் கதை பிறகு நினைவில் இருந்ததா, தெரியாது.

வெள்ளி, லோன் பைன், மன்சனார்

இந்தப் பயணத்தில் நான் அதிகம் எதிர்பார்த்த நாள் இதுதான்.

டெத் வேலியிலிருந்து மேற்கே வந்து 395ஆம் நெடுஞ்சாலையைத் தொட்டால் லோன் பைன் என்ற சின்ன ஊர். ஒரே பெரிய தெரு. அதற்கு மேற்கே, பனி மூடிய சியரா நெவாடா மலைத்தொடரின் அடிவாரத்தில் உருண்டை உருண்டையான பாறைகள் குவிந்த அலபாமா குன்றுகள். அதனூடே போகும் மண்சாலைக்குப் பெயரே மூவி ரோடு. 1920களிலிருந்து நூற்றுக்கணக்கான கவ்பாய் படங்களை இங்கே எடுத்திருக்கிறார்கள். 1939இல் 'குங்கா டின்' படத்துக்கு இந்தப் பாறைகள்தான் நம் வடமேற்கு எல்லைப்புறம்! தண்ணீர் சுமக்கும் இந்தியனாக முகத்தில் கறுப்புப் பூசிக்கொண்டு நடித்தவர் சாம் ஜாஃபி என்ற அமெரிக்க வெள்ளையர். அந்தப் படத்துக்கு இந்தியாவில் எதிர்ப்பு எழுந்தது. பாறை மேல் ஏறி நின்று பார்த்தேன். கைபர் கணவாய் என்று சொன்னால் நானும் நம்பியிருப்பேன்.

லோன் பைனிலிருந்து வடக்கே பதினைந்து நிமிடம் காரில் போனால் மன்சனார். 1942 மார்ச்சிலிருந்து 1945 நவம்பர்வரை ஜப்பானிய அமெரிக்கர்களை முள்வேலிக்குள் அடைத்துவைத்த முகாம். ஒரு கட்டத்தில் பத்தாயிரம் பேருக்கு மேல் இருந்தார்கள். குற்றச்சாட்டும் இல்லை, விசாரணையும் இல்லை. இன்று மீட்டுக் கட்டிய ஒரு காவல் கோபுரமும் சில கொட்டகைகளும் இருக்கின்றன. மீதியெல்லாம் புதரும் காற்றும். காற்று என்றால் சும்மா அல்ல. காரின் கதவைத் திறக்கவே இரண்டு கை வேண்டியிருந்தது. கொட்டகையின் பலகை இடுக்குகள் வழியாக மணல் உள்ளே வந்து விழுவதை நின்று பார்த்தோம்.

ஒரு பக்கம் படப்பிடிப்புக் குன்றுகள், இன்னொரு பக்கம் இந்த முகாம். ஹாலிவுட்டுக்கு இது தெரியாத இடம் அல்ல. 1955இல் வெளியான 'பேட் டே அட் பிளாக் ராக்' படத்தை எம்.ஜி.எம். லோன் பைன் பக்கத்திலேயே எடுத்தது. ஊராரால் கொல்லப்பட்ட ஒரு ஜப்பானிய அமெரிக்க விவசாயியைத் தேடி ஸ்பென்சர் டிரேசி வருகிறார். அந்தக் காலத்துக்குத் துணிச்சலான படம், நல்ல படமும்கூட. ஆனால் படம் முழுக்க ஒரு ஜப்பானிய முகம்கூடத் திரையில் வராது. கொல்லப்பட்டவனின் பெயர் மட்டும் வெள்ளையர்களின் வாயில் உருளும்.

மன்சனார் மன்சனாராகத் திரையில் வந்தது வேறு வழியில். லாஸ் ஏஞ்சல்ஸின் கறுப்பினப் பகுதியான வாட்ஸில் 1965இல் வெடித்த கலவரத்துக்குப் பின், மாணவர் போராட்டங்களின் அழுத்தத்தில், லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகமான யு.சி.எல்.ஏ.வின் திரைப்படத் துறையில் எத்னோ-கம்யூனிகேஷன்ஸ் என்ற பிரிவு தொடங்கியது. துறையின் கறுப்பினப் பேராசிரியர் எலிசியோ டெய்லர் அதற்காகப் போராடியவர். கறுப்பின, மெக்சிக்கோ வழி, ஆசிய வழி, பூர்வகுடி மாணவர்களைச் சேர்த்து அவர்கள் கையில் கேமராவைக் கொடுத்தார்கள். அப்படி வந்தவர்களில் ஒருவர் ராபர்ட் நகமுரா. சிறுவயதில் இந்த வேலிக்குள் வளர்ந்தவர். 1969 டிசம்பரில் இளைஞர்கள் சிலர் குளிரில் இங்கே முதல் யாத்திரை வந்தார்கள். அதற்குமுன் பெரியவர்கள் முகாமைப் பற்றி வீட்டில்கூட வாய் திறப்பதில்லை. அதற்குச் சில ஆண்டுகளுக்குள் நகமுரா 'மன்சனார்' என்ற குறும்படத்தை எடுத்தார். அவரும் நண்பர்களும் 1970இல் தொடங்கிய விஷுவல் கம்யூனிகேஷன்ஸ் அமைப்பு லாஸ் ஏஞ்சல்ஸில் இன்றும் இயங்குகிறது.

கலகக் காலத்தைப் பற்றிய பிரபலமான புத்தகங்களில் கொப்போலா, 'ஈஸி ரைடர்' இயக்கிய ஹாப்பர், இயக்குநர் பெக்கின்பா எல்லாரும் இருப்பார்கள். நகமுராவைத் தேடிப் பிடிக்க வேண்டும். கதை சொல்லும் உரிமையே கைமாறிய இடம் இதுதான் என்பது என் கட்சி. ஸ்டூடியோ வாசலில் நடந்தது தலைமுறை மாற்றம் மட்டும். அங்கேயும் வெள்ளை இளைஞர்கள், அதிலும் ஆண்கள்.

கல்லறையில் வெள்ளைத் தூண். காகிதக் கொக்கு மாலைகளைக் காற்று பிய்த்துக்கொண்டிருந்தது. அண்ணன் மகள் பள்ளியில் இதைப் பற்றி ஒரு பக்கம் படித்ததாகச் சொன்னாள்.

சனி, லாஸ் ஏஞ்சல்ஸ்

போக்குவரத்து நெரிசலில் பாதி நாள் போயிற்று.

சாண்டா மோனிகா சிவிக் ஆடிட்டோரியம் பல ஆண்டுகளாகப் பூட்டிக் கிடக்கிறது. 1968 ஏப்ரலில் ஆஸ்கர் விழா இங்கேதான். ஏப்ரல் 4இல் மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்டார். கறுப்பினக் கலைஞர்களான சிட்னி பாய்ட்டியே, லூயி ஆம்ஸ்ட்ராங், டயான் கரோல், சேமி டேவிஸ் ஜூனியர் ஆகியோர் இறுதிச் சடங்குக்கு முன் விழா நடந்தால் வரமாட்டோம் என்றதால் விழா இரண்டு நாள் தள்ளிப் போனது. அந்த ஆண்டு சிறந்த படத்துக்கான போட்டியில் 'பானி அண்ட் கிளைட்', 'தி கிராஜுவேட்', கூடவே 'டாக்டர் டூலிட்டில்'. வென்றது 'இன் த ஹீட் ஆஃப் த நைட்'. மிசிசிப்பியில் நடக்கும் கதை. தெற்கே போனால் உயிருக்கு ஆபத்து என்று அதன் நாயகன் பாய்ட்டியே மறுத்ததால் பெரும்பகுதியை இல்லினாய் மாநிலத்தில் எடுத்தார்கள்.

அதே ஆண்டு நவம்பர் 1இல் எதைக் காட்டலாம், எதைக் காட்டக்கூடாது என்று முப்பது ஆண்டுக்கு மேல் திரையை ஆண்ட ஹேஸ் நெறிமுறை ஓய்ந்து, ஜி, எம், ஆர், எக்ஸ் என்று தரச் சான்றிதழ் முறை வந்தது. பெரியவர்களுக்கு மட்டும் என்ற 'எக்ஸ்' வாங்கிய 'மிட்நைட் கவ்பாய்' 1970இல் சிறந்த படமானது.

கல்வர் சிட்டியில் எம்.ஜி.எம்.மின் பழைய வளாகம் இப்போது சோனியுடையது. 1969இல் நிறுவனத்தை வாங்கிய கெர்க் கெர்கோரியன், அரங்கப் பொருட்களையும் உடைகளையும் விற்றுவிட்டார். அடுத்த மே மாதம் அவை ஏலத்துக்கு வந்தன. 'தி விசார்ட் ஆஃப் ஆஸ்' படத்தின் சிவப்புக் காலணிகள் ஒரு ஜோடி 15,000 டாலருக்குப் போயின. திறந்தவெளிப் படப்பிடிப்புத் தளங்கள் இருந்த நிலத்தில் வீடுகள் முளைத்துவிட்டன.

ஞாயிறு, வாட்ஸ்

மெட்ரோ ஏ வழித்தடத்தில் 103ஆம் தெரு நிலையத்தில் இறங்கி நடந்தோம். 1965 ஆகஸ்டில் எரிந்த தெரு இது. ஆறு நாள், 34 சாவு. சைமன் ரோடியா என்ற இத்தாலியத் தொழிலாளி உடைந்த பீங்கானையும் புட்டிகளையும் பதித்துத் தனியாளாகக் கட்டிய வாட்ஸ் கோபுரங்கள் தீயில் தப்பின. ரோடியா கலவரத்துக்குச் சில வாரம் முன்புதான் வேறு ஊரில் இறந்திருந்தார்.

இந்தத் தெருக்களில்தான் சார்லஸ் பர்னெட் வளர்ந்தார், யு.சி.எல்.ஏ.வில் படித்துக்கொண்டே வார இறுதிகளில் 'கில்லர் ஆஃப் ஷீப்' எடுத்தார். 16 மி.மீ. கறுப்பு வெள்ளை. செலவு பத்தாயிரம் டாலருக்கும் கீழே. ஆடு அறுக்கும் கூடத்தில் வேலை செய்யும் ஸ்டான் என்பவனின் களைப்புதான் கதை. நடித்த ஹென்றி சாண்டர்ஸ் வியட்நாம் போருக்குப் போய் வந்தவர். ஒரு காட்சியில் இரண்டு பேர் பழைய மோட்டார் எஞ்சின் ஒன்றைக் காசு கொடுத்து வாங்கி, படியிறக்கி, முக்கி முனகித் திறந்த வண்டியில் ஏற்றுகிறார்கள். வண்டி கிளம்பியதும் அது கீழே விழுந்து உடைகிறது. அவ்வளவுதான். யாரும் முழக்கமிடுவதில்லை, துப்பாக்கி எடுப்பதில்லை. கலவரத்துக்குப் பிந்தைய வாட்ஸை இதைவிடச் சரியாகச் சொன்ன காட்சி எனக்குத் தெரியாது.

ஹாலிவுட் அப்போது கறுப்பினப் பார்வையாளர்களைக் கண்டுபிடித்திருந்தது. மெல்வின் வான் பீபிள்ஸ் 1971இல் கடன் வாங்கித் தானே எடுத்த 'ஸ்வீட் ஸ்வீட்பேக்' முதலில் டெட்ராய்ட்டிலும் அட்லாண்டாவிலும் ஒவ்வொரு திரையரங்கில் மட்டும் வெளியாகி, பிறகு கோடிகளை அள்ளியது. உடனே ஸ்டூடியோக்கள் துப்பாக்கியும் தோல்கோட்டுமாகக் கறுப்பின நாயகர்களின் படங்களைத் தொடர்ந்து இறக்கின. வசூல் குறைந்ததும் கடையைக் கட்டின. யு.சி.எல்.ஏ. மாணவர்களுக்கு அந்தப் படங்கள் மேலேயே கோபம். பர்னெட்டின் படம் ஒரு விதத்தில் அதற்குப் பதில்.

1977இல் முடிந்த அந்தப் படம் ஊர்ப்பட்ட பாடல்களைப் பயன்படுத்தியிருந்தது. மாணவர் படம்தானே என்று உரிமை வாங்கவில்லை. அதனால் திரையரங்குக்குப் போக முடியாமல் முப்பது ஆண்டு கிடந்தது. இதற்கிடையில் 1981இல் பெர்லின் விழாவில் விமர்சகர் பரிசு, 1990இல் நாட்டின் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலில் இடம். கடைசியில் பாடல் உரிமைகளுக்கு மட்டும் ஒன்றரை லட்சம் டாலர் செலவழித்து 2007இல் வெளியிட்டார்கள். படம் எடுத்த செலவைப்போலப் பதினைந்து மடங்குக்கும் மேல்! 'ஜாஸ்' 1975இல் ஒரே நாளில் நானூறுக்கு மேற்பட்ட திரையரங்குகளில் திறந்து ஸ்டூடியோக்களின் பணப்பெட்டியை நிரப்பிய பிறகு, கலகம் யாருக்கும் தேவைப்படவில்லை என்று சொல்வார்கள். பர்னெட்டின் படம் அப்போது இன்னும் முடிந்திருக்கவே இல்லை.

நாளை இரவு விமானம். அதற்குமுன் யு.சி.எல்.ஏ. பாவல் நூலகத்தில் இருக்கும் திரைப்படக் காப்பக ஆய்வு மையத்தில் அங்கேயே மாணவராக இருந்த ஹைலே கெரிமாவின் 'புஷ் மாமா' படத்தைப் பார்க்க நேரம் கேட்டு வாங்கியிருக்கிறேன். படத்தின் தொடக்கத்தில் லாஸ் ஏஞ்சல்ஸ் போலீஸார் சிலரைத் தெருவில் நிறுத்திச் சோதனையிடுவார்கள். அது நடிப்பல்ல, நிறுத்தப்பட்டவர்கள் படக்குழுவினர். கேமராவோடு கறுப்பின இளைஞர்கள் நிற்பதைப் பார்த்து வந்த போலீஸ் அது. கெரிமா அதை அப்படியே படத்தில் சேர்த்துவிட்டார். பத்து மணிக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள்.